பூச்சியமும் நான்கும்

திருகோணமலைத் துறைமுகத்தின் ஆழத்தைக் கண்டு ஆசை கொள்ளாத வல்லரசு இல்லை. போர்த்துக்கீசர் வந்தனர், ஒல்லாந்தர் வந்தனர், பிரெஞ்சுக்காரர் வந்து போயினர், ஆங்கிலேயர் வந்து, ஆழத்தை அளந்து, வரைபடத்தில் இலக்கமிட்டு, 1957ஆம் ஆண்டு தமது கடற்படைத் தளத்தை ஒப்படைக்கும் வரையில் அவ்விலக்கங்களைக் கண்ணுங் கருத்துமாகக் காத்தனர். சீனக்குடாவில் நிற்கும் 99 எண்ணெய்த் தாங்கிகளுக்கும் அவ்வாறே கணக்குண்டு. எத்தனை தாங்கி எவர் கையில் இருக்க வேண்டும் என்று 2022 சனவரியிலே ஒப்பந்தமும் எழுதியாயிற்று.

இத்துறைமுகத்தின் கரையில் வாழும் ஒரு பெண்ணின் கையிலே ஒரு தாள் இருக்கிறது. அதிலும் ஓர் இலக்கம் உண்டு. அவளுடைய மார்பகத்தைப் படம் பிடித்தவர்கள் இட்ட இலக்கம் அது. கடலின் ஆழத்தைக் காட்டும் இலக்கத்தைப் படிக்க மாலுமிக்குப் பயிற்சி உண்டு. எண்ணெயின் இலக்கத்தைப் படிக்க அதிகாரிக்குச் சம்பளம் உண்டு. தன் உடலைப் பற்றிய இலக்கத்தின் பொருளை அந்தப் பெண்ணுக்குச் சொல்ல மட்டும் ஒருவரும் இல்லை. இதனை நாம் சிறு குறை என்று கருதவில்லை. பெரும் அநீதி என்றே கருதுகிறோம். ஏன் என்பதைச் சொல்லவே இக்கட்டுரை.

இரண்டு பெண்களை நாம் அறிவோம். பெயரும் வேண்டாம், கிராமமும் வேண்டாம். ஒருவர் வலை பொத்தும் தொழிலாளியின் மனைவி. மற்றவர் தையல் இயந்திரம் ஒன்றை நம்பி மூன்று பிள்ளைகளைப் படிக்க வைப்பவர். இருவரும் வெவ்வேறு காலத்தில் வெளியூருக்குச் சென்று மார்பகக் கதிர்ப்படம் எடுத்தனர். இருவர் கையிலும் ஆங்கிலத்தில் அச்சிட்ட அறிக்கை கொடுக்கப்பட்டது. ‘வைத்தியரிடம் காட்டுங்கள்’ என்பதற்கு மேல் ஒரு சொல்லும் கொடுக்கப்படவில்லை.

வலைத் தொழிலாளியின் மனைவி பெற்ற தாளின் அடியில் ‘4ஏ’ என்று இருந்தது. அவர் கேள்விப்பட்ட நான்கு ஒன்றே ஒன்றுதான். அயல் வீட்டில் ஒருவருக்கு ‘நாலாங் கட்டம்’ என்று சொன்னார்கள். சில மாதங்களில் அந்த வீட்டில் சாவு விழுந்தது. எனவே தாளை மடித்துத் திரங்குப் பெட்டியில் காணி உறுதியின் கீழ் வைத்துப் பூட்டினார். கணவரிடம் சொல்லவில்லை. ஆறு வாரங்கள் வழக்கம்போல் சமைத்தார், வழக்கம்போல் சிரித்தார். இரவில் மட்டும், தம்மிடமிருந்த இரண்டு சோடிக் காப்புகளில் எது எந்த மகளுக்கு என்று கணக்குப் பார்த்துக்கொண்டு படுத்திருந்தார். விடுமுறைக்கு வந்த மூத்த மகள் தற்செயலாகத் தாளைக் கண்டெடுத்து நம்மிடம் கொண்டுவந்தாள். நாம் அறிந்த ஒரு வைத்தியர் மூலம் ஊசியால் இழையம் எடுத்துச் சோதித்தபோது, அது தீங்கற்ற கட்டி என்று தெரிந்தது.

தையற்காரப் பெண் பெற்ற தாளில் இருந்தது பூச்சியம். ‘பூச்சியம் என்றால் ஒன்றுமில்லை என்பதுதானே?’ என்று அவர் எண்ணினார். கோயிலுக்குச் சென்று தேங்காய் உடைத்தார். தாளைப் பிள்ளையின் பள்ளிப் புத்தகத்துக்கு உறையாகப் போட்டுவிட்டார். எட்டு மாதங்கள் கழிந்து, முலைக்காம்பு உள்நோக்கி இழுபடுவதைக் கண்ட பின்னரே அவர் வைத்தியசாலைக்குப் போனார். இப்போது மகரகமைக்குப் போய்வருகிறார். எட்டு மாதம் முந்தியே போயிருந்தால் என்ன நிகழ்ந்திருக்கும் என்று துல்லியமாகச் சொல்ல எவராலும் முடியாது. ஆனால் அந்த எட்டு மாதமும் அவருக்குரியது. அதை அவரிடமிருந்து பறித்தது நோய் அன்று; ஒரு பூச்சியத்தின் பொருளைச் சொல்லாமல் விட்ட மௌனம்.

படம் எடுத்த நிலையங்களின் பெயரை நாம் எழுதப் போவதில்லை. ஒரு நிலையத்தின் குற்றமாயின் ஒரு முறைப்பாட்டோடு தீர்ந்துவிடும். இது ஒரு முறையின் குற்றம்.

அந்த இலக்கங்கள் உண்மையில் எதைக் கூறுகின்றன? ஆசிரியர்களும் மாணவர்களும் இதனை மனத்தில் இருத்துதல் வேண்டும். ஏனெனில் நாளை ஒரு தாய், ஒரு சகோதரி, ஒரு பக்கத்து வீட்டு மாமி இத்தகைய தாளுடன் நம் வாசலில் நிற்கக்கூடும்.

மார்பகத்தை இரு தட்டுகளுக்கிடையே அழுத்தி எடுக்கும் எக்ஸ்ரே படமே மாமோகிராம் எனப்படுவது. இளம் பெண்களுக்கும், மார்பக இழையம் அடர்ந்திருப்போருக்கும் ஒலியலையால் எடுக்கும் ‘ஸ்கான்’ பெரிதும் பயன்படும். இப்படங்களைப் பார்க்கும் கதிரியக்க நிபுணர் தாம் கண்டதை விவரித்து, இறுதியில் பூச்சியம் முதல் ஆறு வரை ஓர் இலக்கம் இடுவார். ‘பைராட்ஸ்’ என்பது இவ்வரிசையின் பெயர்.

பூச்சியம் என்றால் முடிவு இன்னும் எட்டப்படவில்லை என்று பொருள். இன்னொரு கோணத்தில் படம் வேண்டும், அல்லது ஸ்கான் வேண்டும், அல்லது பழைய படத்தோடு ஒப்பிட வேண்டும். பூச்சியம் பெற்றவர் வீட்டுக்குப் போய் இருந்துவிடலாகாது, திரும்ப வரவேண்டும். ஒன்று என்றால் படத்தில் குறிப்பிடத்தக்க எதுவும் இல்லை. இரண்டு என்றால் ஏதோ இருக்கிறது, அது தீங்கற்றது. மூன்று என்றால் பெரும்பாலும் தீங்கற்றது. புற்றாக இருக்கும் வாய்ப்பு நூற்றுக்கு இரண்டுக்கு மேற்படாது. ஆறு மாதத்தில் மறுபடியும் பார்த்து, அது மாறாதிருக்கிறதா என்று உறுதி செய்ய வேண்டும்.

நான்கு என்றால் சந்தேகம். இழையத்தை எடுத்துச் சோதிக்க வேண்டும். இந்த நான்கினுள்ளும் மூன்று படிகள் உண்டு. 4ஏ என்பதில் புற்றாக இருக்கும் வாய்ப்பு நூற்றுக்கு இரண்டுக்கு மேல் பத்து வரை. 4பீ என்பதில் பத்துக்கு மேல் ஐம்பது வரை. 4சீ என்பதில் ஐம்பதுக்கு மேல், ஆயினும் தொண்ணூற்றைந்துக்குக் கீழ். ஐந்து என்றால் நூற்றுக்குத் தொண்ணூற்றைந்தோ அதற்கு மேலோ. அப்போதும் இழையச் சோதனையே முடிவு சொல்லும். ஆறு என்பது புற்றுநோய் என ஏற்கெனவே சோதனையில் உறுதியானவருக்கு, சிகிச்சையின்போது எடுக்கும் படத்துக்கு இடப்படுவது.

ஆகவே 4ஏ பெற்ற நூறு பெண்களில் தொண்ணூறு பேருக்கேனும் புற்றுநோய் இல்லை. காணி உறுதியின் கீழ் தாளைப் பூட்டி வைத்தவர் அந்தத் தொண்ணூறு பேரில் ஒருவர். ‘நாலாங் கட்டம்’ என்பது வேறு அளவுகோல். நோய் இருப்பது உறுதியான பின், அது உடலில் எவ்வளவு தூரம் பரவியிருக்கிறது என்பதைக் காட்ட ஒன்று முதல் நான்கு வரை பகுக்கும் அளவு அது. படத்தின் நான்குக்கும் கட்டத்தின் நான்குக்கும் எழுத்தில் ஒற்றுமை உண்டே தவிரப் பொருளில் ஒற்றுமை இல்லை. இந்த ஒரு வாக்கியத்தை அந்தத் தாளின் அடியில் தமிழில் அச்சிட்டிருந்தால், ஒரு பெண்ணின் ஆறு வார நரகம் இல்லாதொழிந்திருக்கும்.

மற்றொன்றும் சொல்லவேண்டும். படம் தூய்மையாக இருக்கிறது என்பதனால் மட்டும் மார்பகத்தில் நோயே இல்லை என்றாகிவிடாது. அடர்ந்த இழையம் படத்தில் வெண்மையாகத் தெரியும். கட்டியும் வெண்மையாகவே தெரியும். பனிமூட்டத்தில் வெள்ளைப் பாய் கட்டிய வள்ளத்தைத் தேடுவது போன்றது அது. எனவே கைக்குக் கட்டி தட்டுப்பட்டால், தோல் குழிந்தால், காம்பிலிருந்து இரத்தம் கசிந்தால், ‘படத்தில் ஒன்றுமில்லை’ என்ற சொல்லைக் கேட்டு அமைதி கொள்ளலாகாது. கை, படம், இழையச் சோதனை என்ற மூன்றின் சாட்சியும் ஒன்றோடொன்று பொருந்த வேண்டும் என்பதே வைத்தியத்தின் விதி.

இப்போது சொல்லுங்கள், நண்பர்களே: இதில் ஒரு சாதாரணப் பெண்ணுக்கு விளங்காதது எது? வட்டிக்கடையில் நூற்றுக்கு எத்தனை என்று கணக்குப் பார்க்கத் தெரிந்தவளுக்கு, நூற்றுக்கு இரண்டும் நூற்றுக்குப் பத்தும் விளங்காதா? சீட்டுப் பிடிப்பவளுக்கு, ஆறு மாதத்தில் திரும்ப வரவேண்டும் என்பது விளங்காதா?

‘அவர்களுக்கு விளங்காது’ என்பதே நம் முன்னே வைக்கப்படும் முதல் வாதம். இவ்வாதத்தின் போலித்தனத்தை அந்த இலக்கங்களின் வரலாறே வெளிப்படுத்திவிடுகிறது. அமெரிக்கக் கதிரியக்கவியல் கல்லூரி இவ்வரிசையை வகுத்து 1993இல் வெளியிட்டது ஏன்? அதற்கு முன்பு ஒவ்வொரு நிபுணரும் தமக்குத் தோன்றிய சொற்களில் அறிக்கை எழுதினார். அதைப் படித்த வைத்தியர்களுக்கு அடுத்து என்ன செய்வது என்று தெரியவில்லை. வைத்தியர்களுக்கு விளங்கவில்லை என்றதும் மாநாடு கூடிற்று, குழு அமைந்தது, ஒழுங்கு பிறந்தது. பெண்ணுக்கு விளங்கவில்லை என்றால் மட்டும் அது அவளுடைய அறியாமை! அந்த இலக்கத்தின் நோக்கமே ‘அடுத்து என்ன செய்வது’ என்பதைத் தெளிவாகச் சொல்லுதல்தான். செய்ய வேண்டியவளிடமே அதை மறைத்தால் அந்த ஒழுங்கினால் பயன் என்ன?

இரண்டாவது வாதம் மொழியைப் பற்றியது. விஞ்ஞானத்தைத் தமிழில் சொல்ல முடியாது என்பார்கள். 1847இல் யாழ்ப்பாணத்துக்கு வந்த சாமுவேல் பிஸ்க் கிறீன் என்ற அமெரிக்க மிசன் வைத்தியர், மானிப்பாயில் இருந்து தமிழ் இளைஞருக்குத் தமிழிலேயே மேனாட்டு வைத்தியம் கற்பித்தார். இரண வைத்தியம், பிரசவ வைத்தியம், மனுஷ அங்காதிபாதம், கெமிஸ்தம் எனப் பெரும் நூல்கள் அவருடைய முயற்சியால் தமிழில் அச்சேறின. அவர் மிசனரியாகவே வந்தார், மதம் பரப்புவதும் அவருடைய நோக்கம் என்பதை நாம் மறக்கவில்லை. ஆயினும் மக்களின் மொழியில் சொல்லாத வைத்தியம் மக்களைச் சென்றடையாது என்பதை அவர் உணர்ந்திருந்தார். ஒன்றரை நூற்றாண்டுக்கு முன்னரே உடற்கூற்றியல் முழுவதையும் தாங்கிய மொழி, இன்று ஒரு தாளின் அடியில் நான்கு வரிகளைத் தாங்காதா?

அரசியலமைப்பின் 13ஆவது திருத்தம் 1987இல் தமிழையும் அரச கரும மொழியாக்கிற்று. அதற்குப் பின்னால் எத்தனை போராட்டம், எத்தனை இரத்தம் என்பதை ஈழத்து வாசகருக்கு நாம் எடுத்துச் சொல்ல வேண்டியதில்லை. ஆனால் அந்த உரிமை கந்தோரின் பெயர்ப்பலகையோடு நின்றுவிட்டது. உடலைப் பற்றிய தாள் இன்னும் ஆங்கிலத்திலேயே வருகிறது. இது தமிழ்ப் பெண்ணுக்கு மட்டும் இழைக்கப்படும் அநீதி என்றும் யாரும் எண்ண வேண்டாம். சாம்பல்தீவுத் தமிழ்ப் பெண்ணுக்கும், கிண்ணியா முஸ்லிம் பெண்ணுக்கும், கந்தளாய்ச் சிங்கள விவசாயியின் மனைவிக்கும் அந்தத் தாள் ஒரே அளவில் அந்நியமானது. இம்மாவட்டத்தில் மூன்று சமூகத்தாரையும் பிரித்துவைக்க எத்தனையோ சக்திகள் வேலை செய்தன, செய்கின்றன. இந்த ஒரு தாளின் முன்னே மூவரும் ஒரே வரிசையில், ஒரே இருளில் நிற்கிறார்கள். அவர்களைச் சேர்ந்து குரலெழுப்பச் செய்வதற்கு இதைவிட நியாயமான காரணம் வேறென்ன?

மூன்றாவது வாதம் கருணை வேடம் தரித்து வருவது. ‘உண்மையைச் சொன்னால் பயந்துவிடுவாள், தாங்கமாட்டாள்’ என்பது. அமெரிக்காவின் ரேச்சல் கார்சனை நம் வாசகர் அறிவர். பூச்சிகொல்லி மருந்துக் கம்பெனிகளை எதிர்த்து 1962இல் ‘மௌன வசந்தம்’ வெளியிட்ட விஞ்ஞானி அவர். 1960இல் அவருடைய மார்பகம் அகற்றப்பட்டபோது, அது புற்றுநோய் என்ற உண்மையைச் சத்திரசிகிச்சை செய்தவர் அவரிடம் சொல்லவில்லை. மாதங்கள் கழிந்து, வேறொரு வைத்தியரிடம் சென்ற பின்னரே அவர் உண்மையை அறிந்தார். 1964இல் இறந்தார். உலகத்துக்கே நஞ்சின் உண்மையைச் சொன்ன பெண்ணுக்குத் தன் உடலின் உண்மை மறுக்கப்பட்டது. அவர் உயிரியல் கற்றவர், ஆங்கிலம் அவருடைய தாய்மொழி. எனவே தடையாக நின்றது மொழியோ கல்வியோ மட்டும் அன்று. பெண்ணின் உடலைப் பற்றிய அறிவுக்கு அந்தப் பெண் உரியவள் அல்லள் என்ற பழைய ஆணவமே அங்கு நின்றது. அதே ஆணவம் கடல் தாண்டி நம் ஊர்ச் சிகிச்சைக் கூடங்களிலும் குடியிருக்கிறது.

சொல்லாமையால் பயம் நீங்குகிறதா? 4ஏ தாளைப் பூட்டி வைத்தவர் ஆறு வாரம் பயத்தைத் தவிர வேறெதையும் உண்ணவில்லை. பயத்தைத் தந்தது உண்மை அன்று, பாதி உண்மை. இலக்கத்தைக் கொடுத்துப் பொருளை மறைத்த பாதி உண்மை.

நான்காவது வாதத்தில் மட்டும் நியாயம் உண்டு. நேரமில்லை என்கிறார்கள். ஒரு காலையில் அளவிறந்த நோயாளரைப் பார்க்கும் அரசாங்க வைத்தியரின் துன்பத்தை நாம் கேலி செய்யமாட்டோம். 2022ஆம் ஆண்டின் பொருளாதார நெருக்கடியில் மருந்துக்குத் தட்டுப்பாடு வந்தது. வைத்தியர்கள் பலர் நாட்டை விட்டுப் போயினர். இருப்பவர் தோளில் பாரம் ஏறிற்று. ஆனால் நேரமில்லாத வைத்தியருக்கு உதவுவது அச்சிட்ட தாள்தானே? விளக்கவேண்டியவர் வைத்தியர் ஒருவரேயா? நம் கிராமங்களில் வீடுவீடாகப் போகும் குடும்பநல மாது இருக்கிறார். 1996 முதல், முப்பத்தைந்து வயதை அடைந்த பெண்களை முக்கியமாகக் கருதி நடத்தப்படும் சுகவனிதையர் கிளினிக்குகள் இருக்கின்றன. அங்கே மார்பகத்தைக் கையால் பரிசோதித்து, சுயமாகப் பார்க்கவும் கற்பிக்கிறார்கள். மருத்துவம் படிக்காத எவரும் பொருமிக் குறைகூறும் இந்த அரசாங்க ஏற்பாட்டை நாம் போற்றுகிறோம். குறை என்னவெனில், கட்டியைக் கண்டு படமெடுக்க அனுப்பிய பின் அந்தப் பெண் இந்த வலையிலிருந்து நழுவிவிடுகிறாள். அனுப்பியவர்க்கும் படமெடுத்தவர்க்கும் இடையே அவள் தனியாகத் தாளுடன் நிற்கிறாள். கிண்ணியாவுக்குப் போகப் பாதையில் ஏறக் காத்துநின்ற காலம் 2009இல் பாலம் திறந்ததோடு முடிந்தது. கிளினிக்குக்கும் படத்துக்கும் இடையிலுள்ள துறையில் இன்னும் பாதையும் இல்லை, பாலமும் இல்லை.

இந்த வெற்றிடத்தில்தான் வியாபாரம் புகுகிறது. ஒவ்வோர் ஒக்டோபரிலும் இளஞ்சிவப்பு நாடா விற்பனைக்கு வருகிறது. ‘விசேட கழிவு விலையில் மார்பகப் பரிசோதனை’ என்று விளம்பரம் வருகிறது. பரிசோதனையை நாம் எதிர்க்கவில்லை. பொருள் சொல்லாமல் படம் விற்பதை எதிர்க்கிறோம். படத்தை விற்றதும் கடையின் கடமை முடிகிறது. பெண்ணின் கவலை அங்கேதான் தொடங்குகிறது. பூச்சியம் பெற்றவள் மறுபடி வரக் காசு உண்டா என்று எவரும் கேட்பதில்லை. நான்கு பெற்றவளுக்கு இழையச் சோதனை இலவசமாக எங்கே செய்யப்படும் என்று எவரும் சொல்வதில்லை.

இந்த விஞ்ஞானம் எந்தக் கடைக்காரரின் சொத்து? 1913இல் பெர்லின் சத்திரசிகிச்சை வைத்தியர் அல்பேர்ட் சாலமன், அகற்றப்பட்ட மூவாயிரம் மார்பகங்களை எக்ஸ்ரே படமெடுத்து, நோய் பரவும் விதத்தை ஆராய்ந்து இத்துறைக்கு வித்திட்டார். அவர் யூதர் என்பதால் நாஜிகள் அவரை வேட்டையாடினர். ஓவியரான அவருடைய மகள் சார்லொட் 1943இல் ஔஷ்விட்ஸ் முகாமில் கொல்லப்பட்டார். பின்னர் உருகுவே என்ற சிறிய நாட்டின் வைத்தியர் ராவுல் லெபோர்ன், படத்தில் தெரியும் நுண்ணிய சுண்ணத் துகள்களின் முக்கியத்துவத்தை எடுத்துக்காட்டினார். துன்புற்றவரும் சிறிய நாட்டவரும் மனிதகுலம் முழுமைக்குமாகத் தேடிய அறிவு இது. இதனை உறையிலிட்டு ஒட்டிக் கையில் கொடுத்து, பொருள் கேட்டால் தனியாகக் கட்டணம் கேட்கும் உரிமையை எவர் கொடுத்தார்?

முதலாளித்துவத்தின் தலைநகரான அமெரிக்காவில்கூட, மாமோகிராம் எடுத்த ஒவ்வொரு பெண்ணுக்கும் எளிய மொழியில் முடிவை எழுதி முப்பது நாளுக்குள் நேரே அனுப்ப வேண்டும் என்று 1998இல் திருத்தப்பட்ட சட்டம் விதிக்கிறது. அது தானாகக் கனிந்து விழுந்த கனி அன்று. தம் உடலைப் பற்றித் தமக்குத் தெரியவேண்டும் என்று பெண்கள் ஆண்டுக்கணக்கில் வாதாடியதன் விளைவு. அங்கே கடிதம் வரும். சிகிச்சைக்குக் காசு வேண்டும். இங்கே அரசாங்க வைத்தியசாலையில் சிகிச்சை இலவசம், கடிதம் வராது. இலவச வைத்தியம் என்ற அரும்பெரும் வெற்றியை ஈட்டிய நாடு, ஒரு தாளின் விலைக்கு அஞ்சி அந்த வெற்றியைப் பாதியில் விடலாமா? மருந்தை வியாபாரப் பெயரால் அன்றி அதன் இயற்பெயரால் எழுதவேண்டும் என்று பேராசிரியர் சேனக பிபிலே போராடினார். 1971இல் அரச மருந்தாக்கற் கூட்டுத்தாபனம் பிறந்தது. பொருளை அதன் பெயரால் அழைத்தல் என்ற அந்தப் போராட்டத்தின் தொடர்ச்சியே நாம் இன்று கேட்பதும்.

உலகெங்கும் 2022ஆம் ஆண்டில் இருபத்துமூன்று இலட்சம் பெண்களுக்கு மார்பகப் புற்றுநோய் கண்டறியப்பட்டது; ஆறு இலட்சத்து எழுபதினாயிரம் பேர் அதனால் மாண்டனர். இலங்கைப் பெண்களிடையே மிகுதியாகக் காணப்படும் புற்றுநோயும் இதுவே. ஒரு பெண் குறியோடு முதன்முதல் வைத்தியரை நாடியதிலிருந்து அறுபது நாளுக்குள் நோய் இன்னது என்று உறுதி செய்துவிட வேண்டும் என்பது உலக சுகாதார ஸ்தாபனம் வைத்திருக்கும் இலக்கு. அந்த அறுபது நாளில் நாற்பத்திரண்டு நாளை ஒரு திரங்குப் பெட்டி விழுங்கிவிட்டதை மேலே கண்டோம். இயந்திரம் இல்லாததால் அன்று, நிபுணர் இல்லாததால் அன்று. நான்கு வரித் தமிழ் இல்லாததால்.

நம்மை நாமே விசாரித்துக்கொள்ளாமல் இதனை முடித்தல் நேர்மையாகாது. தமிழ் இலக்கியம் மார்பகத்தைப் பாடாத நூற்றாண்டு உண்டா? ஒரு முலையைத் திருகி எறிந்து மதுரையை எரித்த கண்ணகியைப் பற்றி வகுப்பறையில் மணிக்கணக்காகப் பேசுகிறோம். அந்த வகுப்பு முடிந்து வீட்டுக்கு வந்தால், நம் தாய்க்கு அங்கே ஒரு கட்டி என்று தெரிந்தபோது, ‘அந்த இடத்தில் ஏதோ’ என்று தாழ்ந்த குரலில் முணுமுணுக்கிறோம். கவிதையில் கூசாத நா நோயில் கூசுகிறது. அந்தக் கூச்சம் காணி உறுதியின் கீழ் தாளைப் பூட்டிவைக்கும் பூட்டுகளில் ஒன்று. சாவியில் ஒன்று நம் கையிலும் இருக்கிறது.

சென்னையில் 1954இல் அடையாறு புற்றுநோய் நிலையத்தைத் தொடங்கிய டொக்டர் முத்துலட்சுமி ரெட்டி, 1923இல் தம் சகோதரியைப் புற்றுநோய்க்குப் பறிகொடுத்தவர். அந்தத் துயரை அவர் வீட்டுக்குள் பூட்டி வைக்கவில்லை. முப்பது ஆண்டு கழிந்தும் மறவாது, ஏழைகள் நுழையக்கூடிய ஒரு வாசலாக அதை மாற்றினார். துயரை இரகசியமாக வைத்திருப்பதா, சமுதாயத்தின் கோரிக்கையாக மாற்றுவதா என்ற வினாவுக்கு அவர் வாழ்க்கை விடை சொல்கிறது.

எனவே நாம் கோருவன இவை. அரசாங்க வைத்தியசாலையிலாயினும் தனியார் நிலையத்திலாயினும், மார்பகப் படத்தின் ஒவ்வோர் அறிக்கையோடும் தமிழிலும் சிங்களத்திலும் ஒரு பக்கம் கொடுக்கப்படல் வேண்டும். அதில் இலக்கம் என்ன, அதன் பொருள் என்ன, அடுத்து என்ன செய்வது, எந்தத் திகதிக்குள் செய்வது, இலவசமாக எங்கே செய்வது என்ற ஐந்தும் இருத்தல் வேண்டும். பூச்சியமோ, மூன்றோ, நான்கோ, ஐந்தோ பெற்றவளின் செய்தி சுகாதார வைத்திய அதிகாரி பணிமனைக்கும் எட்டல் வேண்டும். திகதி தவறினால் குடும்பநல மாது அவள் வாசலுக்குப் போய் விசாரித்தல் வேண்டும். மூதூரிலிருந்தும் குச்சவெளியிலிருந்தும் ஈச்சிலம்பற்றிலிருந்தும் மகரகமைக்கோ மட்டக்களப்புக்கோ அநுராதபுரத்துக்கோ போய்வரும் பெண்ணுக்கும் துணைக்குப் போகிறவருக்கும் பயணச் செலவை அரசாங்கம் ஏற்றல் வேண்டும். நாட் சம்பளத்தை இழந்து, இரவு முழுவதும் பிரயாணம் செய்து, வரிசையில் நின்று பெறும் சிகிச்சையை இலவசம் என்று சொல்ல நாவுக்கு வெட்கம் வேண்டும்.

அரசாங்கம் செய்யும் வரையில் நாம் கைகட்டி நிற்க வேண்டியதில்லை. உயிரியல் கற்பிக்கும் ஆசிரியர் இந்த ஏழு இலக்கங்களையும் ஒரு பாட நேரத்தில் விளக்கிவிட முடியும். மாணவர் சங்கம் அதனை ஒரு தாளில் எழுதி, ஒரு வைத்தியரிடம் காட்டித் திருத்தி, வாசிகசாலையிலும் மீனவர் சங்கக் கட்டடத்திலும் கோயில், பள்ளிவாசல், விகாரைச் சுவர்களிலும் ஒட்ட முடியும். தமிழறிந்தவர் தமிழிலும் சிங்களம் அறிந்தவர் சிங்களத்திலும் எழுதட்டும். ஒரு தாய் தன் தாளைக் கொண்டுவந்து காட்டினால், வெட்கப்படாமல் வாங்கிப் படித்து, தெரிந்ததைச் சொல்லி, தெரியாததற்கு வைத்தியரிடம் கூடப் போகும் துணிவை நாம் பெறல் வேண்டும். நோயின் முடிவைச் சொல்வது வைத்தியரின் பணி. தாளின் பொருளைக் கேட்டுப் பெறும் உரிமையைச் சொல்லிக் கொடுப்பது நம் பணி.

துறைமுகத்துக்குள் கப்பல் செலுத்துபவன் வரைபடத்தில் உள்ள இலக்கத்தைக் கண்டு அழுவதுமில்லை, தேங்காய் உடைப்பதுமில்லை. ஆழம் குறைந்த இடமென்றால் சுக்கானைத் திருப்புகிறான்; ஆழம் தெரியாத இடமென்றால் மீண்டும் அளக்கிறான். இலக்கத்தின் பொருளை அவனுக்குக் கற்பித்திருக்கிறார்கள். அதனால் அவனுக்கு இலக்கம் விதியாகத் தோன்றுவதில்லை. கரையில் நிற்கும் பெண்ணுக்கும் அதையே கற்பியுங்கள் என்கிறோம். தையற்காரப் பெண்ணின் மகளுடைய புத்தக உறையில் இன்னும் அந்தப் பூச்சியம் இருக்கிறது. அதை மட்டும் பிய்த்து எறியவேண்டாம் என்று அவரிடம் கேட்டிருக்கிறோம்.